எட்டு வரிசையில் ஏழு மெய்

பேச்சுவாக்கில் ஒரு ‘வந்தால்’, ஒரு ‘போனால்’ சொல்லிவிட்டு, பிறகு மாதக்கணக்கில் அதற்கு விளக்கம் சொல்ல வேண்டிய இடம் ஒன்று உலகத்தில் உண்டு. நீதிமன்றம் இல்லை. அட்டவணை ஆசாமிக்கு எதிரே இருக்கும் நாற்காலி.

அவரை நீங்கள் பார்த்திருப்பீர்கள். முகத்தைப் பார்த்து அடையாளம் சொல்ல முடியாது. மற்றவர்களைப் போலத்தான் சட்டை போட்டிருப்பார், தும்முவார், பஸ்ஸுக்கு ஓடுவார். காகிதக் கோப்பையில் காப்பியைக் கலக்கிக்கொண்டே நீங்கள் ஒரு பாவமும் அறியாமல், “மழை வந்தா நான் வரமாட்டேன்” என்று சொல்லிப் பாருங்கள். அவர் தலை லேசாகச் சாயும். பையிலிருந்து பேனா வரும். உங்கள் கண்ணெதிரே உங்கள் காப்பி ரசீதைத் திருப்பிப் போட்டு, மேலிருந்து கீழே ஒரு கோடு, இடமிருந்து வலம் ஒரு கோடு போட்டு, “மழை வர்றது ஒண்ணு, நீங்க வராம இருக்கிறது ஒண்ணு, ரெண்டு கூற்று, ஆக நாலு வரிசை” என்று மெய், பொய் என நிரப்ப ஆரம்பிப்பார். காப்பி ஆறிப்போகும். மழை வந்து நின்றும் போயிருக்கும்.

இந்த இனத்தின் சுத்தமான மாதிரி ஒன்று கடல் கடந்து, மோக்போ என்ற துறைமுக ஊரில் வசிக்கிறது. பெயர் நம்குங் சொக், வயது நாற்பத்தாறு, தொழில்நுட்பக் கல்லூரி ஒன்றில் தர்க்கக் கணித ஆசிரியர். வகுப்பில் அட்டவணை போடுவது அவர் தொழில். அதற்குச் சம்பளம் தருகிறார்கள், அதை நாம் குறை சொல்ல முடியாது. மனிதர் வகுப்புக்கு வெளியிலும் நிறுத்துவதில்லை என்பதுதான் வழக்கு. மூன்று கூற்று என்றால் எட்டு வரிசை, நான்கு என்றால் பதினாறு, ஐந்து என்றால் முப்பத்திரண்டு. முதல் பத்தியில் பாதி மெய், பாதி பொய். அடுத்த பத்தியில் அதிலும் பாதி. கடைசிப் பத்தியில் மெய் பொய் மெய் பொய். ஸ்வெட்டர் பின்னுகிறவர்கள் கண்ணி எண்ணும்போது முகத்தில் ஒரு அமைதி வருமே, அது அவருக்கு அப்போது வரும். அந்த நேரத்தில் வீடு பற்றி எரிந்தாலும், எரிவது முன்பாதியா பின்பாதியா என்றுதான் கேட்பார்.

அவருடைய வேதம் ஒரே ஒரு விதி. ‘இது நடந்தால் அது நடக்கும்’ என்ற வாக்கியம் ஒரே ஒரு சந்தர்ப்பத்தில்தான் பொய்யாகும்: இது நடந்து, அது நடக்காமல் போனால். முன்பாதியே நடக்கவில்லையா? அப்படியானால் பின்பாதி நடந்தால் என்ன, நடக்காவிட்டால் என்ன, முழு வாக்கியமும் மெய். அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா என்று தமிழில் நாம் கேலி பேசுவோம் அல்லவா? நம்குங் சாரிடம் சொல்லிப் பாருங்கள், சிரிக்க மாட்டார். அத்தைக்கு மீசை இல்லை, ஆகவே கூற்று மெய் என்று ஒரு டிக் போட்டுவிட்டு அடுத்த வரிசைக்குப் போய்விடுவார்.

அவர் குடியிருப்பின் பதினோராம் மாடிக்காரர் ஒருவர், லிஃப்டில் பார்த்தபோதெல்லாம் ஊர் வழக்கப்படி, “நேரம் கிடைச்சா ஒருநாள் சேர்ந்து சாப்பிடுவோம், சார்” என்று சொல்லிவந்தார். அந்த ஊரில் அதற்கு ‘போய்ட்டு வர்றேன்’ என்பதைத் தாண்டி அர்த்தம் எதுவும் கிடையாது. இரண்டு வாரம் கழித்து நம்குங் அவரை மடக்கினார்.

“செவ்வாய்க்கிழமை உங்களுக்கு நேரம் கிடைச்சது.”

“என்னது?”

“கீழ ஒரு மணி நேரம் கார் கழுவிட்டிருந்தீங்க, நான் ஜன்னல்ல பார்த்தேன். முன்பாதி மெய். நாம சேர்ந்து சாப்பிடல. பின்பாதி பொய். அப்ப நீங்க சொன்னது பொய்தானே? கோவிச்சுக்காதீங்க, சும்மா சொல்றேன்.”

அந்த மனிதர் இப்போது பதினோரு மாடியும் படியில்தான் ஏறுகிறார். உடம்பு நன்றாக இளைத்துவிட்டது.

கல்லூரி விருந்தில் இதைவிட மோசம். துறைத்தலைவர் கோப்பையைத் தூக்கிக்கொண்டு, “நாளைக்கு முதல் வகுப்பு இருந்தாலோ, உடம்பு சரியில்லேன்னாலோ, சீக்கிரம் கிளம்பிக்கலாம்ப்பா” என்றார். தலைவர் எழுந்திருக்காமல் ஒருவரும் எழுந்திருக்கக் கூடாது என்பது அங்கே கைக்குழந்தைக்கும் தெரியும். நம்குங் மேசைமேல் விரித்திருந்த வெள்ளைத் தாளில் எட்டு வரிசை போட்டு, தனக்கு முதல் வகுப்பு உண்டு, ஆகவே கிளம்புவது மெய் என்று காட்டி, எல்லோருக்கும் குனிந்து வணக்கம் சொல்லிவிட்டு ஏழரை மணிக்குப் போய்விட்டார். அட்டவணை முடியும்வரை மேசை அடுப்பில் வேகும் கறியை யாரும் திருப்பிப் போடாததால் அது கருகிப்போனது.

இப்படிப்பட்டவரோடு குடும்பம் நடத்துவது எப்படி? அவர் மனைவி சோராவைக் கேளுங்கள். மருந்துக்கடையில் வேலை பார்க்கும் சோரா, கல்யாணமான மூன்றாம் மாதமே ஒரு வழி கண்டுபிடித்துவிட்டாள். வீட்டில் அவள் நிபந்தனை வாக்கியமே பேசுவதில்லை. “சாப்பிட வாங்க.” “குப்பையைக் கொட்டிட்டு வாங்க.” “தூங்குங்க.” இப்படிப் பதினெட்டு வருஷம். சமையலறையில் குளிர்பெட்டிக்கு எதிரே ‘அவசரத்துக்கு’ என்று அவர் மாட்டியிருக்கும் வெள்ளைப் பலகைக்கு அவள் வாயிலிருந்து ஒரு தீனியும் கிடைத்ததில்லை. வெறும் கட்டளையாகப் பேசிப் பேசி, கடைக்கு வருகிறவர்களிடமும், “வாயைத் திறங்க. முழுங்குங்க” என்று சொல்லுமளவுக்குப் போய்விட்டாள்.

ஆனால் சோராவின் அம்மாவுக்கு இந்த ரகசியம் தெரியாது. அவர் ஹேனாமில், முட்டைக்கோஸ் வயல்களுக்கு நடுவே இருக்கிறார். மோக்போவிலிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரம்.

குளிர்காலம் தொடங்கும்போது கிம்ஜாங் வரும். வருஷம் முழுவதற்கும் வேண்டிய கிம்ச்சி என்ற காரக் கோஸ் ஊறுகாயைக் குடும்பமே கூடி ஒரே மூச்சில் போட்டு முடிக்கும் நாள் அது. அன்றைக்குக் கை இருக்கிறவர்கள் எல்லோரும் வரவேண்டும். மாமியார் போன் செய்தார்.

“மாப்ளே, சனிக்கிழமை மழை இல்லாம, உங்களுக்குக் காலேஜ் வேலையும் இல்லேன்னா, கிம்ஜாங்குக்கு வந்துருங்க, என்ன?”

நீங்களாக இருந்தால் இதற்கு என்ன அர்த்தம் செய்துகொள்வீர்கள்? ‘வா’ என்றுதானே? மழையும் காலேஜும் மரியாதைக்குச் சேர்த்த சரிகை. மருமகனைப் பார்த்து ‘வாடா’ என்று சொல்ல முடியாத குறைக்கு மாமியார்கள் போட்டுக்கொள்ளும் முக்காடு. நம்குங் போனை வைத்துவிட்டு நேரே பலகைக்குப் போனார்.

மழை இல்லை என்பது ஒன்று. வேலை இல்லை என்பது இரண்டு. நான் போகிறேன் என்பது மூன்று. முதல் இரண்டும் சேர்ந்து மெய்யானால் மூன்றாவது மெய்யாக வேண்டும். எட்டு வரிசை. அடடா, என்ன அழகான மாமியார்!

வெள்ளிக்கிழமையே சோரா கோஸை உப்பில் ஊறவைக்க ஹேனாம் போய்விட்டாள். சனிக்கிழமை காலை ஒன்பது பத்துக்கு, மோக்போவில், நம்குங் சட்டை போட்டுக்கொண்டு கிளம்பும் சமயத்தில், ஏழு நிமிஷம் தூறியது. அவர் சட்டையைக் கழற்றினார். மழை இல்லை என்பது பொய். ஆகவே முன்பாதி பொய். ஆகவே போனாலும் மெய், போகாவிட்டாலும் மெய். அடியில் சூடேற்றிய வெதுவெதுப்பான தரையில் மல்லாந்து படுத்து, மனச்சாட்சி உறுத்தாத மனிதனாக ஒரு குட்டித் தூக்கம் போட்டார்.

மதியம் சோரா கூப்பிட்டாள்.

“எங்க இருக்கீங்க?”

“வீட்ல.”

“பஸ்ஸை விட்டுட்டீங்களா?”

“மழை, சோரா.”

பின்னணியில் இருநூறு கோஸைக் கழுவும் தண்ணீர்ச் சத்தம். “இங்க ஒரு பொட்டு மேகம் இல்ல.”

“எந்த ஊர் மழைன்னு அத்தை சொல்லலையே.”

“எவ்ளோ நேரம் பெஞ்சது?”

“ஏழு நிமிஷம். ஆனா எவ்ளோ நேரம்னும் அவங்க சொல்லல.”

“தோங்பே இடுப்புல பெல்ட் கட்டிக்கிட்டு ஒத்தை ஆளாத் தூக்கிட்டிருக்கான்” என்றாள் சோரா. தோங்பே அவள் தம்பி. போன மாதம்தான் முதுகு பிடித்துக்கொண்டு படுத்து எழுந்தவன். “அம்மா உங்களுக்குப் பிடிக்கும்னு சிப்பி வாங்கித் தனியா எடுத்து வச்சிருக்காங்க. யாரையும் தொட விடல. வாசலையே பார்த்துட்டிருக்காங்க.”

இந்த இடத்தில் ஒரு சாதாரண மனிதன் வெட்கப்பட்டிருப்பான். அல்லது பொய் சொல்லியிருப்பான்: வயிற்றுவலி, கல்லூரியில் அவசர மீட்டிங். நம்குங் யோக்கியர். பொய் சொல்ல மாட்டார்.

“ஒண்ணு மட்டும் அவங்ககிட்டச் சொல்லிடு. நான் வராததால அவங்க சொன்ன வாக்கியம் பொய்யாகல. அவங்க மனசு சங்கடப்பட வேண்டாம்.”

பதினெட்டு வருஷம் கட்டிக்காத்த விரதத்தை சோரா அப்போது முறித்தாள்.

“சரி. நானும் ஒண்ணு சொல்றேன். பேனா எடுத்துக்கோங்க. நீங்க நேர்ல வந்து எங்கம்மாகிட்ட மன்னிப்புக் கேட்டு, அந்தச் சமையலறைப் பலகையையும் கழட்டினீங்கன்னா, நான் வீட்டுக்கு வருவேன்.”

போன் வைக்கப்பட்டது. நம்குங் பலகைக்கு ஓடினார். பயத்தினால் என்று நினைக்கிறீர்களா? ஆனந்தத்தினால். சோராவின் வாயிலிருந்து ஒரு கூட்டு நிபந்தனை!

எட்டு வரிசையையும் எழுதி முடித்துப் பின்னால் நகர்ந்து நின்று பார்த்தார். எட்டில் ஏழு மெய்! பொய்யாகும் வரிசை இரண்டாவது மட்டும்தான்: அவர் மன்னிப்பும் கேட்டு, பலகையையும் கழற்றி, அதற்கப்புறமும் அவள் வராமல் போனால். அவள் வீடு வந்து சேரும் வரிசைகள் நான்கு, நான்குமே மெய். அதில் மூன்றில் அவர் அவள் சொன்னதை முழுசாகச் செய்யவே இல்லை! குறிப்பாக ஏழாம் வரிசை. மன்னிப்பு இல்லை, பலகை அங்கேயே இருக்கிறது, மனைவி வந்துவிடுகிறாள். கூற்று மெய். அதைச் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம் போட்டார்.

அதோடு விட்டாரா? அன்பு மிகுந்து இன்னொரு படி மேலே போனார். சோரா பொய்க்காரி ஆவதற்கு இருக்கும் ஒரே வழி இரண்டாம் வரிசை. தான் ஹேனாமுக்குப் போய் மன்னிப்புக் கேட்டு, பலகையையும் கழற்றினால்தான் அந்த ஆபத்தே வரும். போகாவிட்டால் அவள் வாக்கு என்றைக்கும் பழுதாகாது. ஆகவே, கட்டின மனைவியின் நாணயத்தைக் காப்பாற்ற வேண்டிய கணவன் வீட்டிலேயே இருப்பதுதான் முறை. பலகையைப் படம் பிடித்து, இந்த விளக்கத்தையும் சேர்த்து அவளுக்கு அனுப்பினார்.

‘சரி’ என்று பதில் வந்தது.

அதை அவர் நல்ல சகுனமாக எடுத்துக்கொண்டார். கல்யாணமானவர்களே, உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

ஞாயிறு போனது. திங்கள் போனது. ஏழாம் வரிசை எந்த நிமிஷமும் கதவைத் தட்டும் என்று நம்குங் செருப்பு வைக்கும் இடத்தைக் கூடத் துடைத்துவைத்தார். செவ்வாயன்று போன வருஷத்துக் கிம்ச்சியின் கடைசித் துண்டு தீர்ந்தது. புதன்கிழமை, கடையில் ஒரு சின்னப் பொட்டலம் கிம்ச்சி வாங்கினார், இனித்தது. வியாழக்கிழமை வெறும் நூடுல்ஸைக் கிளறிக்கொண்டு, “பூண்டு எங்க வச்சிருக்கே?” என்று சத்தமாகக் கேட்டார். ‘மேல் தட்டுல. கண்ணைத் திறந்து பாருங்க’ என்று சொல்ல ஆள் இல்லாத சமையலறை எத்தனை பெரியது என்று அப்போதுதான் தெரிந்தது. அவருக்கு அழுகை வந்தது. கண் கலங்கினார் என்று கௌரவமாகச் சொல்ல முடியவில்லை. மூக்கைச் சிந்திச் சிந்தி அழுதார்.

அன்று தோங்பே போன் செய்தான்.

“அத்தான், சௌக்கியமா?”

“உங்க அக்கா எப்ப வர்றா?”

“அதை விடுங்க. ஒரு சந்தேகம். நீங்க அனுப்பின படத்தை அக்கா காட்டுச்சு. எட்டு வரிசை இருக்கே, இன்னிக்கு நீங்க எந்த வரிசையில இருக்கீங்க?”

நம்குங் பலகையைப் பார்த்தார். மன்னிப்புக் கேட்கவில்லை. பலகையைக் கழற்றவில்லை. அவள் வரவில்லை. “எட்டாவது.”

“அது மெய்யா, பொய்யா?”

“மெய்.”

“நாளைக்கும் நீங்க இப்படியே உக்காந்திருந்தா?”

“அதுவும்... எட்டாவதுதான். மெய்.”

“அப்ப ஒரு குறையும் இல்ல. சந்தோஷமா இருங்க, அத்தான். முதுகு வலிக்குது, வைக்கிறேன்.”

நம்குங் வெகுநேரம் பலகை முன்னால் நின்றார். ஏழாவதும் மெய், எட்டாவதும் மெய். அவள் இருக்கும் வரிசைக்கும் இல்லாத வரிசைக்கும் கடைசிப் பத்தியில் ஒரே எழுத்து. இருபது வருஷமாக இதைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறார். ஒருநாளாவது அந்தப் பத்தி அவரை இப்படிப் பயமுறுத்தியதில்லை.

மறுநாள் வகுப்பு இல்லை. திருப்புளி எங்கே இருக்கிறது என்று சோராவுக்குத்தான் தெரியுமாதலால், ஸ்பூனின் வாலால் பலகையைக் கழற்றினார். கழற்றியதற்குச் சாட்சி வேண்டாமா? மூன்றடிக்கு இரண்டடிப் பலகையை அக்குளில் இடுக்கிக்கொண்டு, இன்னொரு கையில் பேரிக்காய்ப் பெட்டியோடு ஹேனாம் பஸ்ஸில் ஏறினார். பக்கத்து இருக்கை அம்மாள் பலகையையும் அவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, “எலெக்‌ஷன்ல நிக்கிறீங்களா, தம்பி?” என்று விசாரித்தார்.

மாமியார் வாசல் பக்கம் உட்கார்ந்து முள்ளங்கி சீவிக்கொண்டிருந்தார். சோரா எதிரே பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை. நம்குங் பலகையைச் சுவரில் சாய்த்தார், பேரிக்காயை வைத்தார், முழங்காலிட்டு நெற்றி தரையில் படக் குனிந்தார். பஸ்ஸில் ஒரு மணி நேரம் மனப்பாடம் செய்ததைச் சொன்னார்.

“நான் வராததுல உங்க மனசு வருத்தப்பட்டிருந்தா, மன்னிச்சுக்கோங்க, அத்தை.”

சீவும் சத்தம் நின்றது.

“இருந்தாவா?” என்றார் மாமியார்.

“அதாவது... நான் செஞ்சது தப்பா இருந்துச்சுன்னா...”

“மாப்ளே.” கத்தியைக் கீழே வைத்தார். “வாசல்ல செருப்பைக் கழட்டிப் போட்டீங்கல்ல? இந்த ‘இருந்தா’, ‘இருந்துச்சுன்னா’வையும் அங்கேயே போட்டுட்டு வாங்க. நான் வருத்தப்பட்டேனா இல்லியான்னு எனக்கே தெரியாத மாதிரிப் பேசறீங்க. இருநூறு கோஸு!”

பாவம், முன்பாதி இல்லாமல் ஒரு வாக்கியத்தை எங்கே தொடங்குவது என்று நம்குங்குக்குத் தெரியவில்லை. வேர்த்தது. முள்ளங்கியைப் பார்த்தார், பூண்டைப் பார்த்தார். பூண்டு உரிக்கும் விரல்களில் மிளகாய் எரிச்சலால் வந்த சிவப்பு இன்னும் ஆறாமல் இருந்ததைப் பார்த்தார்.

“நான் வரல” என்றார். “வந்திருக்கணும். சோம்பேறித்தனம்தான். தப்பு என்னுது. மன்னிச்சுடுங்க.”

“இதைச் சொல்ல ஆறு நாள்!” என்று மாமியார் பெருமூச்சு விட்டார். “எந்திரிங்க. சிப்பி இல்ல. அன்னிக்கே தோங்பே தின்னுட்டான்.” பிறகு பலகையை எட்டி இழுத்து, எட்டு வரிசையையும் ஈரத்துணியால் ஒரே வீச்சில் துடைத்து, அதன்மேல் சீவிய முள்ளங்கியைக் காயப்போட்டார். “அளவு கச்சிதமா இருக்கு” என்றார்.

நம்குங் எழுந்திருக்கவில்லை. இரண்டு நிபந்தனையும் நிறைவேறிவிட்டது. இனி மிச்சமிருப்பது இரண்டே வரிசை. ஒன்றில் அவள் வருகிறாள், இன்னொன்றில் வரவில்லை. எது என்று எந்த அட்டவணையும் சொல்லாது. சோரா ஒரு பூண்டை உரித்தாள். இன்னொன்றையும் உரித்தாள். வேண்டுமென்றேதான் மூன்றாவதை எடுத்தாள்.

“பஸ் எத்தனை மணிக்கு?” என்றாள்.

“நாலு இருபது.”

“சாப்பிட்டுட்டுப் போலாம். அந்தக் கிம்ச்சிப் பெட்டி நாலையும் நீங்கதான் தூக்கணும்.”

தூக்கினார். அந்தப் பஸ்ஸில் அவ்வளவு சந்தோஷமாக நாற்பது கிலோ சுமந்த மனிதன் வேறு யாரும் இருந்திருக்க முடியாது. பாதி வழியில் சோரா, “இங்க பாருங்க, இன்னொரு தடவை இந்த மாதிரி பண்ணினீங்கன்னா, இல்ல எங்கம்மாகிட்டச் சட்டம் பேசினீங்கன்னா...” என்று ஆரம்பித்து, சட்டென்று நிறுத்தினாள். பனி படிந்த பஸ் ஜன்னலில் அவர் சுட்டுவிரல் தன்பாட்டுக்கு ஒரு நேர்கோடு இழுத்துக்கொண்டிருந்தது. அவள் கையை நீட்டி, சட்டைக்கையால் அதைத் துடைத்தாள்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், நமக்கென்ன, நமக்கு அட்டவணை போடவே தெரியாது. ஆனால் போன மாதம் உங்கள் வீட்டிலோ ஆபீசிலோ ஒருவரிடம், “என் பேச்சு உங்க மனசைப் புண்படுத்தியிருந்தா மன்னிச்சுக்கோங்க” என்று பெருந்தன்மையாகச் சொன்னது யார்? அவர் மனம் புண்பட்டது உங்களுக்குத் தெரியாதா? கண் எதிரே முகம் கறுத்துப் போனதே! அவரும் ‘சரி’ என்றாரே, ஒரே வார்த்தையில்; நீங்களும் விஷயம் முடிந்தது என்று நிம்மதியாகக் காப்பி குடிக்கப் போனீர்களே?

என்ன சொல்ல வருகிறீர்கள்? “நான் அப்படிச் சொல்லியிருந்தா...” என்றா?

சரிதான். உட்காருங்கள். உங்களுக்கு நாலு வரிசை போதும்.